கரும்புச் சாற்றில் வளைந்த வெளிச்சம்

சர்க்கரை ஆலையில் வேலைக்குச் சேர்ந்த புதிதில் எனக்குத் தலைக்கனம் கொஞ்சம் அதிகம். வயல் வயலாகப் போய்க் கரும்பின் இனிப்பை அளக்கக் கையில் ஒரு சாண் நீளக் குழாய் கொடுத்திருந்தார்கள். அதன் நுனியில் உள்ள கண்ணாடியில் இரண்டு சொட்டுச் சாறு விட்டு, மூடியை அழுத்தி, வானத்தைப் பார்த்துக் கண்ணை வைத்தால் மேலே நீலம் தெரியும், கீழே வெள்ளை. இரண்டும் சந்திக்கும் கோடுதான் இனிப்பின் அளவு. கண்ணாடிக்கும் சாற்றுக்கும் நடுவே வெளிச்சம் வளைகிறது. சாற்றில் சர்க்கரை கூடினால் அந்த வளைவு மாறி, கோடு மேலே ஏறும். பதினெட்டைத் தொட்டால் வெட்டு உத்தரவு எழுதுவேன். தொடாவிட்டால் யார் சொன்னாலும் அசைய மாட்டேன்.

தஞ்சாவூர்ப் பக்கம் ஒரு அக்கா. பல வருஷம் அடுத்தவர் வயலில் கூலிக்குக் கரும்பு வெட்டியவர், சொந்த நிலம் வாங்கி வைத்த முதல் கரும்பு அது. பெரிய மழை வந்தால் அத்தனையும் சாய்ந்துவிடும். பக்கத்து ஊரில் இருந்த வெட்டு ஆட்களோ மறுநாள் கிளம்புகிறார்கள். நான் வாய்க்காலில் குழாயை அவசரமாக அலசி, சாறு விட்டுப் பார்த்தேன். பதினைந்துதான். இரண்டு வாரம் பொறுக்கச் சொன்னேன்.

அக்கா ஒரு துண்டைக் கடித்து மென்றார்.

"இது வெட்டுற கரும்பு மேடம். எத்தன வயல்ல வெட்டியிருக்கேன், எனக்குத் தெரியாதா?"

நாக்கை நம்பி ஆலை நடத்த முடியாது என்று வெடுக்கென்று சொல்லிவிட்டு ஸ்கூட்டியைக் கிளப்பினேன்.

அடுத்த வயலில் குழாயை அலசிவிட்டு, சாறு விடும் முன்பே சும்மா கண்ணை வைத்தேன். கோடு தெரிந்தது, பூஜ்யத்தில். வெறும் கண்ணாடியில் கோடே தெரியக் கூடாது. தண்ணீர் ஒட்டியிருந்தால்தான் அப்படித் தெரியும். அலசினேனே தவிர, துடைக்கவில்லை. பால்காரரைக் குறை சொல்கிற நான், அக்காவின் கரும்புச் சாற்றில் தண்ணீர் கலந்திருக்கிறேன்.

வந்த வழியே திரும்பினேன். வேறொரு கழியை வெட்டி அளந்து, இது பரவாயில்லை என்று சமாளித்திருக்கலாம். மனசு வரவில்லை. தப்பு என்னுடையது என்று சொல்லிவிட்டு, துப்பட்டாவால் கண்ணாடியை அழுத்தித் துடைத்து, சாறு விட்டு மறுபடி பார்த்தேன். பத்தொன்பதைத் தாண்டி நின்றது.

அக்கா வயிற்றைப் பிடித்துக்கொண்டு வரப்பிலேயே உட்கார்ந்து சிரித்தார். எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது. தோற்றுப்போய் அவ்வளவு சந்தோஷப்பட்டது அன்றுதான். வெட்டு ஆட்களுக்குப் போன் போட்டு, கிளம்புவதைத் தள்ளிப்போட்டு விடிந்ததும் இங்கே வரச் சொன்னார். நான் உத்தரவு எழுதப் பேனாவை எடுத்தேன். அதற்குள் அவரே ஒரு கழியை ஒடித்துச் சாறு பிழிய ஆரம்பித்திருந்தார்.

"இருங்க மேடம், இன்னொரு தடவ பாத்துருவோம். நீங்க நல்லா தொடச்சுக் குடுங்க. பாக்குறத நான் பாத்துக்கிறேன்."