போகாதவனுக்கு ஒரு வழியனுப்பு

தான் ஓய்வு பெறப்போகிற செய்தியை ட்ராய் கெஸ்லர் ரொட்டிக்கடைக் கண்ணாடியில்தான் படித்தான்.

மர ஆலையில் காலை ஷிஃப்ட் முடித்துவிட்டு, தலைமயிரில் பைன் தூளோடு, சாசேஜ் ரோல் வாங்க வந்திருந்தான். கதவில் ஒட்டியிருந்த போஸ்டரில் அவன் முகம். பத்து வருஷத்துக்கு முந்தைய முகம், முன்மண்டையில் இன்னும் மயிர் இருந்த காலத்தது. கீழே பெரிய எழுத்தில்: 'நன்றி, கெஸ். வெலிங்கா மண்ணில் கடைசி ஆட்டம். சனிக்கிழமை. எல்லோரும் வாருங்கள்.'

கடைக்காரி ஷெரில் ரோலைக் காகிதத்தில் சுற்றிக் கொடுத்தாள். காசை நீட்டியபோது கையைத் தள்ளிவிட்டாள்.

"இன்னைக்கு உன்கிட்ட வாங்கமாட்டேன் கெஸ். இவ்வளவு நாள் ஓடினே. இனிமேலாவது சனிக்கிழமை லியானைக் கூட்டிக்கிட்டு எங்கயாவது போ."

"யார் சொன்னது நான் நிறுத்துறேன்னு?"

"போஸ்டர்ல போட்டிருக்கே," என்றாள் ஷெரில், அதற்கு மேல் என்ன சாட்சி வேண்டும் என்பதுபோல.

காசைக் கவுண்டரில் வைத்துவிட்டு வெளியே வந்தான். கோபம் சிலருக்கு நெஞ்சிலிருந்து கிளம்பும். ட்ராய்க்கு அது இடது முழங்காலிலிருந்து கிளம்பும். இரண்டு முறை அறுத்துத் தைத்த இடம். வண்டியில் உட்கார்ந்தபோது அந்தக் கால் தானாக ஆடிக்கொண்டிருந்தது.

பதினேழு வயதில், வெலிங்கா என்கிற அந்த ஆஸ்திரேலியச் சிற்றூரின் கூடைப்பந்து அணியில் சேர்ந்தவன். அரைச் சம்பள லீக் என்று அதைச் சொல்லலாம். வருஷாவருஷம் வந்து இறங்குகிற இரண்டு அமெரிக்கர்களுக்கு முழுச் சம்பளமும் வீடும் காரும். உள்ளூர்க்காரர்களுக்குப் பெட்ரோல் காசு, ஒரு தொப்பி, ஆட்டம் முடிந்ததும் ஒரு பீர். சனிக்கிழமை பஸ் ஏறி ஐந்து மணி நேரம் அடிலெய்டுக்குப் போவார்கள். ஞாயிறு இன்னொரு ஊரில் ஆடித் தோற்பார்கள், அல்லது ஜெயிப்பார்கள். திங்கள் விடியலில் ட்ராய் ரம்பத்தின் முன்னால் நிற்பான். கல்யாணத் தேதியைக்கூட ஆட்ட அட்டவணையைப் பார்த்துத்தான் வைத்தார்கள். கோடைக்காலம், கொளுத்துகிற வெயில், மாப்பிள்ளைக்கு மட்டும் கட்டைவிரலில் பிளாஸ்திரி.

இருபத்துமூன்று வயதில் ஒருமுறை நகரத்துப் பெரிய அணி கூப்பிட்டது. பயிற்சிக்குப் பத்து பேர் வேண்டும், அவர்களிடம் ஒன்பது பேர் இருந்தார்கள். அந்தப் பத்தாவது ஆளாக ஒரு சீசன் முழுக்க ஒரு நண்பனின் சோபாவில் படுத்து எழுந்தான். ஆட்ட நாளில் கோட்டு போட்டு ஓரத்தில் உட்கார வைத்தார்கள். ஒரு நிமிஷம்கூட இறக்கவில்லை. ஊருக்குத் திரும்பினால், 'நம்ம கெஸ் பெரிய லீக்ல ஆடினவன்' என்று பெருமை பேசினார்கள். திருத்திப் பார்த்தான். யாரும் காதில் வாங்கவில்லை. அப்போதே அவனுக்குத் தெரிந்திருக்க வேண்டும், இந்த ஊர் அவனைப் பற்றித் தனக்குப் பிடித்த கதையைத்தான் வைத்துக்கொள்ளும் என்று.

போஸ்டருக்கும் ஒரு கதை இருந்தது. ஒவ்வொரு குளிர்காலமும் சீசன் முடிகிற நேரத்தில், ஆட்டக் கொட்டகைக்குப் பின்னால் சாசேஜ் சுடுகிற இடத்தில் நின்றுகொண்டு, முழங்காலில் ஐஸ் கட்டியபடி ட்ராய் சொல்வான்: "இதோட சரிப்பா. அடுத்த வருஷம் நான் இல்ல." அவன் மட்டுமா? முப்பது தாண்டிய எல்லோரும் சொல்வதுதான். வலிக்குச் சொல்கிற சொல் அது. கேட்பவர்கள் சிரிப்பார்கள், "போன வருஷமும் இதையேதான் சொன்னே" என்பார்கள். பிப்ரவரியில் பயிற்சி தொடங்கும்போது சொன்னவனே முதல் ஆளாக வந்து நிற்பான். இத்தனை வருஷத்தில் அந்த வார்த்தையை யாரும் நம்பியதில்லை. இந்த வருஷம் நம்பிவிட்டார்கள்.

கிளப் தலைவர் வொரன் டயர் கடை வைத்திருந்தார். ட்ராய் போனபோது ஒரு ட்ராக்டர் சக்கரத்தோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார்.

"போஸ்டரைக் கழட்டச் சொல்லுங்க வொரன்."

"நல்லா இல்லையா? உன் மூக்கு கொஞ்சம் பெருசா விழுந்துடுச்சுன்னு நானும் சொன்னேன்."

"நான் நிறுத்தலைன்னு சொல்றேன்."

வொரன் நிமிர்ந்து கையைத் துணியில் துடைத்தார். நல்ல மனிதர். அதுதான் சிக்கல். "கெஸ், அன்னைக்கு நீதானே சொன்னே. என் காதால கேட்டேன்."

"எல்லா வருஷமும் சொல்றேன்."

"இந்தத் தடவை நிஜமா சொன்ன மாதிரி இருந்தது." பார்வையைச் சக்கரத்தின் மேல் திருப்பினார். "கேக் சொல்லியாச்சு. இறைச்சித் தட்டு பரிசுக் குலுக்கலுக்கு டிக்கெட்டும் வித்தாச்சு. உன் ஜெர்சியைக் கண்ணாடி போட்டு வெச்சிருக்கோம். கடைசி ரெண்டு நிமிஷத்துல கோச் ஜாரட் உன்னை வெளிய கூப்பிடுவான், எல்லாரும் எழுந்து நிப்பாங்க. வேற எவனுக்கு இதெல்லாம் செஞ்சோம், சொல்லு?"

"ஜாரட்டுக்கு என் இடத்துல வேற ஆள் வேணும். அதானே?"

"அப்படியெல்லாம் இல்லப்பா."

"இருந்தா இருக்குன்னு சொல்லிட்டுப் போங்களேன்."

வொரன் மறுபடி சக்கரத்தின் மேல் குனிந்தார். அந்த ஊரில் யாரும் யாரையும் முகத்துக்கு நேரே போ என்று சொல்வதில்லை. கை தட்டுவார்கள். எதிரில் இருப்பவன் வெளியே போய்ச் சேரும்வரை தட்டுவார்கள்.

வீட்டில் அவன் மனைவி லியான் உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டிருந்தாள். அவளுக்கு முன்பே தெரிந்திருந்தது. 

"கேக் மேல என்ன எழுதறதுன்னு என்னைத்தான் கேட்டாங்க," என்றாள். "உன்கிட்ட பேசிட்டாங்கன்னு நினைச்சேன்."

"யாரும் பேசல."

"எனக்கென்னவோ நீ நிறுத்தினா நல்லதுன்னுதான் படுது, மறைக்கறதுக்கு ஒண்ணுமில்ல. காலையில படிக்கட்டைப் பின்பக்கமா இறங்கறே. குழந்தை மாதிரி." கத்தியைக் கீழே வைத்தாள். "ஆனா அவங்க கேட்டிருக்கணும். அது தப்பு."

"நிறுத்தறதை நான் சொல்லுவேன். இல்லன்னா நீ லாயக்கில்லடான்னு அவங்க சொல்லட்டும். நடுவுல கேக் எதுக்கு?"

"சனிக்கிழமை கோபத்துல ஏதாவது செஞ்சு வைக்காதே ட்ராய்."



சனிக்கிழமை கொட்டகை நிரம்பியிருந்தது. ஜெயித்தால் இறுதிச் சுற்று, தோற்றால் சீசன் முடிந்தது. எதிரணி போர்ட் ஹேஸல், கடற்கரை ஊர், ஜென்மப் பகை. அவர்கள் ஆட்கள்கூட வந்து ட்ராயின் முதுகில் தட்டினார்கள். "உன்னைப் பாக்காம போரடிக்கும் கிழவா," என்றான் ஒருவன். வருஷக்கணக்காக அவன் விலாவில் முழங்கையை ஏற்றியவன். ட்ராய் அவன் கையைத் தட்டிவிட்டான்.

ஆட்டம் தொடங்கியதிலிருந்தே ட்ராய் கோபத்தில் ஆடினான். கோபம் முதலில் உதவியது. தூரத்திலிருந்து எறிந்த மூன்று பந்து வளையத்தை உரசாமல் வலைக்குள் விழுந்தது. அமெரிக்கப் பையன் டெமாரியஸ் ஓடிவந்து காதில் சொன்னான்: "இப்படி ஆடறவன் எதுக்குப்பா போறே?"

"போகல."

"போஸ்டர் ஒட்டியிருக்காங்களே."

"உன்னை ஏர்போர்ட்லேர்ந்து கூட்டிட்டு வந்தவன் நான். நான் சொல்றதை நம்பு."

டெமாரியஸ் ஒரு கணம் அவனைப் பார்த்தான். "சரி. அப்போ பந்தைக் குடு," என்று ஓடினான்.

கடைசிக் கால்பகுதியில் கால் சொன்ன பேச்சைக் கேட்கவில்லை. போர்ட் ஹேஸலின் பொடியன் ஒருவன் இரண்டு முறை இடது பக்கமாக அவனைத் தாண்டிப் போனான். கதவு திறந்திருக்கிற வீட்டைக் கடப்பதுபோல, அவ்வளவு சாவகாசமாக. ட்ராய்க்கும் தெரிந்தது. அரங்கத்தில் எல்லோருக்கும் தெரிந்தது. ஆனால் புள்ளிகள் சமமாக இருந்தன.

கடிகாரம் கடைசி இரண்டு நிமிஷத்துக்கு வந்தது. பயிற்சியாளர் ஜாரட்டின் கையில் விழா நிரல் இருந்தது. வழக்கமாக இந்த மரியாதையை முடிவு தெரிந்துபோன ஆட்டத்தில்தான் செய்வார்கள், இருபது புள்ளி முன்னாலோ பின்னாலோ இருக்கும்போது. ஆனால் வொரன் மைக்கைப் பிடித்துவிட்டார், கூட்டம் எழுந்துவிட்டது. ஜாரட் பத்தொன்பது வயதுப் பையன் ஒருவனை ட்ராய்க்கு மாற்றாகக் கணக்கு மேசைப் பக்கம் அனுப்பினான். மணி அடித்தது.

"கெஸ், வாடா," என்று ஜாரட் கையை விரித்தான்.

கைதட்டல் மழைபோல் கூரையில் மோதியது. ட்ராய் நடுக்கோட்டில் நின்றான். அசையவில்லை.

நடுவராக விசிலோடு நின்றவர் பள்ளிக்கூட ஆசிரியர் கோலின். ட்ராயின் மகளுக்குக் கணக்குச் சொல்லிக்கொடுப்பவர். பக்கத்தில் வந்து உதட்டை அசைக்காமல் சொன்னார்: "கெஸ், மாத்து ஆள் கூப்பிட்டாச்சு. போப்பா."

"ஸ்கோர் சமமா இருக்கு கோலின்."

"எனக்கும் கண்ணு தெரியும். போகலைன்னா நான் ஊதணும். என்னை ஊத வைக்காதே."

"ஊதுங்க."

கோலின் ஊதினார். கைகளை ஆங்கில 'டி' எழுத்துப்போல வைத்து டெக்னிகல் ஃபவுல் காட்டினார். கைதட்டல் பாதியில் அறுந்தது. எழுந்து நின்றவர்கள் உட்காருவதா நிற்பதா தெரியாமல் பக்கத்தில் இருப்பவர்களைப் பார்த்தார்கள். ஜாரட் பையனைத் திரும்பக் கூப்பிட்டான். "விடு. ஆடித் தொலையட்டும்."

அந்த ஃபவுலுக்காகப் போர்ட் ஹேஸலுக்கு ஒரு ஃப்ரீ த்ரோ. போட்டார்கள். வெலிங்கா ஒரு புள்ளி பின்னால். அடுத்த பந்தில் அந்தப் பொடியன் மறுபடி ட்ராயின் இடது பக்கம் வந்தான். வரப்போவதை ட்ராய் பார்த்தான், நினைத்தான், கால் வந்து சேரவில்லை. இப்போது மூன்று புள்ளி பின்னால், மீதி நேரத்திலும் அது குறையவில்லை. டெமாரியஸ் கடைசியாக எறிந்தது வளையத்தின் விளிம்பைச் சுற்றிவிட்டு வெளியே விழுந்தது.

வெலிங்காவின் சீசன் முடிந்தது.

உடைமாற்றும் அறையில் ஜாரட் கதவைச் சாத்தினான். "தோக்கடிச்சுட்டே. ஒரு கூட்டமே எழுந்து நின்னு உனக்குக் கை தட்டுது, நீ எங்களைத் தோக்கடிச்சுட்டே."

"ஆமா," என்றான் ட்ராய். "சமமா இருக்கிற ஆட்டத்துல கேக் வெட்டப் பாத்தே. உனக்கும் பங்கு உண்டு."

ஜாரட் கதவைத் திறந்து வெளியே போனான்.

வெளியே நாற்காலிகள் போட்டிருந்தார்கள். யாரும் வீட்டுக்குப் போயிருக்கவில்லை, யாருக்கும் உட்காரவும் முகமில்லை. வொரன் மைக்கோடு வந்தார். கண் சிவந்திருந்தது. "அஞ்சு நிமிஷம் கெஸ். நன்றின்னு ஒரு வார்த்தை சொல்லிட்டு முடிச்சுடு. என் மானத்தைக் காப்பாத்து."

ட்ராய் மைக்கை வாங்கினான். கூட்டத்தில் பேசிப் பழக்கமில்லாதவன். குரல் முதலில் உடைந்தது, பிறகு கோபம் வந்து அதை நேராக்கியது.

"இன்னைக்கு நம்ம ஆட்டத்தைக் கெடுத்தது நான். கோலின் ஊதினது சரி. அந்தப் பையன் என் பக்கமா மூணு தடவை போனான், அதுவும் சரி. இதுக்காக என்னை வேண்டாம்னு சொல்லுங்க, கேட்டுக்கறேன். ஆனா நான் ரிட்டயர் ஆகல. நான் சொல்லாத ஒண்ணுக்கு எனக்கு விழா எடுக்காதீங்க. போகச் சொல்றதுன்னா காரணத்தைச் சொல்லி அனுப்புங்க. யாரும் கை தட்டாதீங்க."

பழக்கதோஷத்தில் பின்வரிசையில் ஒருவர் தட்டத் தொடங்கினார். பக்கத்தில் இருந்தவர் அவர் கையைப் பிடித்து அமுக்கினார்.

 வீட்டு வாசலில் காரை விட்டு இறங்கும்போது லியான் சொன்னாள்: "கேக்கை அவங்களே தின்னட்டும்."

ஊர் இரண்டாகப் பிரிந்தது என்று சொல்ல முடியாது. ஒரே பக்கம்தான், அவனுக்கு எதிர்ப்பக்கம். ஆலையில் பக்கத்து ரம்பக்காரன் ஒரு வாரம் பேசவில்லை. ரொட்டிக்கடையில் ஷெரில் காசை எண்ணி வாங்கிக்கொண்டாள். ட்ராய்க்கு அது பரவாயில்லை என்றிருந்தது. முகத்தில் அடித்தால் எங்கே அடி விழுந்தது என்றாவது தெரியும்.

அடுத்த புதன்கிழமை ஷிஃப்ட் முடிகிற நேரத்தில் ஆலை வாசலில் ஜாரட் நின்றிருந்தான். தனியாக. மழைக்கோட்டின் பைக்குள் கைகளை நுழைத்திருந்தான்.

"நேர்ல சொல்லச் சொன்னே," என்றான்.

"சொல்லு."

"அடுத்த வருஷம் டீம்ல நீ இல்ல." கைகளைப் பையிலிருந்து எடுத்தான். "இடது பக்கம் உன்னால நகர முடியல. போன வருஷமே முடியல. போன வருஷமே சொல்லியிருக்கணும், எனக்கு தைரியம் வரல. வொரன்கிட்ட விழான்னு யோசனை சொன்னது நான்தான்."

ட்ராய் அவனைப் பார்த்தான். ஜாரட் கண்ணை எடுக்கவில்லை. அதற்காக மட்டும் அவனைக் கொஞ்சம் மதிக்கத் தோன்றியது. கோபம் குறையவில்லை, ஆனால் நிற்க ஓர் இடம் கிடைத்துவிட்டது.

"சரி," என்றான்.

"அவ்வளவுதானா?"

"வேற என்ன? காரணம் கேட்டேன், சொல்லிட்டே."

ஜாரட் போகத் திரும்பியவன் நின்றான். "அப்போ நிறுத்திட்டேன்னு கிளப்ல சொல்லிடலாமா?"

"நீ என்னைத் தூக்கிட்டேன்னு சொல்லு. அதுதானே நடந்தது." ட்ராய் வண்டிக் கதவைத் திறந்து, வலது காலை முதலில் உள்ளே வைத்து, இடது காலைக் கையால் தூக்கி வைத்தான். "நான் நிறுத்தறதா இல்லையான்னு போர்ட் ஹேஸல்காரன்கிட்ட ஆள் வேணுமான்னு கேட்டுட்டு நானே முடிவு பண்றேன்."