நெஞ்சளவுச் சுவர்

மவுண்ட் ரோஸ்கில் என்ற புறநகரில் எங்கள் தமிழ்ச் சபை கூடும் ஹாலுக்குள் ஒரு வெள்ளிக்கிழமை மாலை தண்ணீர் வந்தது. பாடகர் குழுவுக்குப் பயிற்சி நடந்துகொண்டிருந்தது. முதல் சரணத்தில் கதவுக்கடியில் ஈரம் தெரிந்தது. மூன்றாவது சரணத்தில் செருப்புகள் மிதந்தன. நானும் என் மகளும் மற்றவர்களோடு மேடைமேல் ஏறி நின்றோம். முழங்காலுக்கு மேல் தண்ணீர் ஏறவில்லை, யாருக்கும் எதுவும் ஆகவில்லை. மகள் அதைப் படம் எடுத்துத் தோழிகளுக்கு அனுப்பினாள். நான் அவள் கையைப் பிடித்த பிடியில் மறுநாள் அவளுக்கு மணிக்கட்டு வீங்கியிருந்தது.

அன்றிலிருந்து எனக்கு மழை என்றால் பயம். காலையில் பல் துலக்குவதற்கு முன் போனில் மழை வரைபடத்தைப் பார்ப்பேன். தெருவில் நடந்தால் சாக்கடை மூடிகளைப் பார்த்துக்கொண்டே நடப்பேன். பிளாக்ஹவுஸ் பேயிலுள்ள எங்கள் வீட்டிலிருந்து பள்ளிக்குப் பேருந்தில் கால் மணி நேரம்தான். ஆனால் வழியில் சாலை ஓரிடத்தில் கொஞ்சம் பள்ளமாக இறங்கி ஏறும். அதனால் பதினைந்து வயதுப் பெண்ணைத் தினமும் நானே காரில் கொண்டுபோய் விட்டேன். காரும் அதே பள்ளத்தில்தான் இறங்கி ஏறியது என்பதை அவள் பலமுறை எடுத்துச் சொன்னாள்.

"அம்மா, அது பஸ். போட் இல்ல."

"காருன்னா நான் இருக்கேன்ல?"

"நீங்க இருந்து? தண்ணிய நிறுத்திருவீங்களா?"

ஹாலைப் பழுது பார்க்கப் பதினான்கு மாதம் ஆயிற்று. அதுவரை த்ரீ கிங்ஸ் பக்கம் ஒரு பள்ளியின் விளையாட்டுக் கூடத்தில் ஆராதனை நடந்தது. போதகர் கூடைப்பந்து வளையத்துக்கு நேர் கீழே நின்று பிரசங்கம் செய்வார். பிறகு ஒருவழியாக ஹாலுக்குத் திரும்பினோம். திரும்பிய முதல் ஞாயிறே மூத்தவர்கள் முகம் சுளித்தார்கள். பழைய தரைவிரிப்பு சிவப்பு, இது சாம்பல். பழைய அடுப்பில் நான்கு பர்னர், இதில் இரண்டு. பழையதில் வடை மொறுமொறுவென்று வரும்.

சண்டே ஸ்கூல் டீச்சருக்கு இதைக் கேட்டு ஒரே மகிழ்ச்சி. யாழ்ப்பாணத்தில் கணக்குப் படிப்பித்தவர். பாபிலோனிலிருந்து யூதர்கள் எருசலேமுக்குத் திரும்பியபோதும் இதேதான் நடந்தது என்றார். புது ஆலயத்துக்கு அடித்தளம் போட்டபோது, பழைய ஆலயத்தைப் பார்த்திருந்த கிழவர்கள் ஓவென்று அழுதார்களாம், இளையவர்கள் ஆர்ப்பரித்தார்களாம், எது அழுகை எது ஆரவாரம் என்று தூரத்தில் நின்றவர்களுக்குத் தெரியவில்லையாம்.

"அவை எழுபது வருசம் பாபிலோனில இருந்தவை. நாங்கள் பதினாலு மாசம் வளையத்துக்குக் கீழ இருந்தனாங்கள். கதை ஒண்டுதான். பிள்ளையள் இதை நாடகமாப் போடட்டும்."

நாடகத்தில் அவர் எடுத்துக்கொண்டது பிந்தைய பகுதியை. பாரசீக அரசனுக்குத் திராட்சரசம் ஊற்றிக் கொடுத்துக்கொண்டிருந்த ஒருவர் ஆளுநராக வந்து, இடிந்து கிடந்த நகரச் சுவரைக் கட்ட வைக்கிறார். ஒவ்வொரு குடும்பமும் தன் வீட்டுக்கு எதிரேயுள்ள பகுதியைக் கட்டியது. டீச்சருக்கு மிகவும் பிடித்த இடம் அதுதான்.

"அப்பிடியே நாங்களும் செய்வம். எல்லாரும் தங்கட தங்கட வீட்டில ஒரு துண்டுச் சுவர் செய்து கொண்டுவாங்கோ. அட்டைப்பெட்டி காணும்."

"உயரம் எவ்வளவு டீச்சர்?" என்று கேட்டேன்.

"நெஞ்சளவு."

எல்லோரும் தலையாட்டினோம்.

ஆளுநர் வேடத்துக்கு என் மகளைக் கேட்டார். இருப்பவர்களிலேயே உயரமானவள், குரலும் கடைசி வரிசை வரை போகும். அவள் டீச்சரைப் பார்க்காமல் என்னைப் பார்த்தாள்.

"நடிக்கிறேன். ஆனா அதுக்கு அடுத்த மண்டேலேர்ந்து நான் பஸ்ல போவேன். தனியா."

"அதுக்கும் இதுக்கும் என்னடி சம்பந்தம்?"

"ஓம் எண்டு சொல்லுங்கோவன்," என்றார் டீச்சர். "உவளை விட்டா ஆளுநருக்கு நான் எங்க போறது?"

சரி என்றேன். அடுத்த நான்கு வாரமும் நாடகம் நின்றுபோக வேண்டும் என்று ரகசியமாக ஜெபம் செய்தேன். மகளோ வசனத்தை ஆங்கில எழுத்தில் எழுதி வைத்துக்கொண்டு குளியலறையில் முழங்கினாள். அதில் பெரிய வசனம், பிள்ளைகளுக்குச் சொந்த மொழி பேசத் தெரியவில்லை என்று ஆளுநர் பெற்றோரைத் திட்டுவது. அந்தக் காலத்து ஆளுநர் திட்டியதோடு விடாமல் சிலரின் தலைமயிரையும் பிடுங்கினார். திட்டு வாங்கும் தகப்பனாக நடிக்க முன்வந்தவர் மதுரைக்காரர் ஒருவர், முழு வழுக்கை.

"சிஸ்டர், உங்க பொண்ணு பிடுங்குறதுக்கு நம்மகிட்ட ஸ்டாக் இல்லையே?"

"தாடியைப் பிடிக்கட்டும்," என்றார் டீச்சர், நோட்டிலிருந்து தலை நிமிர்த்தாமல்.

என் வேலை மென்பொருள் சோதிப்பது. எது எப்படி உடையும் என்று நாள் முழுக்க யோசிப்பவள் கட்டிய சுவர் எப்படி இருக்கும்? தேங்காய்ப்பால் டின் வந்த பெட்டிகளை வாங்கி, உள்ளே குறுக்குச் சட்டம் வைத்து, மூன்று சுற்று டேப் ஒட்டி, பழுப்புப் பெயிண்ட் அடித்து, மகளை நிற்க வைத்து அவள் நெஞ்சுக்கு அளந்தேன்.

நாடகத்தன்று காலை ஒன்பது குடும்பங்கள் ஒன்பது சுவர்களோடு வந்து இறங்கியபோதுதான் தெரிந்தது, எல்லோருமே அவரவர் பிள்ளையின் நெஞ்சுக்கு அளந்திருக்கிறார்கள். என்னுடையது நாலடிக்கு மேல். பக்கத்தில் நிற்க வேண்டிய மதுரைக்காரரின் சுவர் என் தொடைவரைதான் வந்தது. அவர் மகனுக்கு நான்கு வயது.

"நான் நெஞ்சளவு எண்டுதானே சொன்னனான்?" என்றார் டீச்சர்.

"யாரு நெஞ்சுன்னு சொல்லலையே டீச்சர்," என்றார் மதுரைக்காரர்.

கணக்கு டீச்சர் கொஞ்ச நேரம் எருசலேமை மேலும் கீழும் பார்த்தார். பிறகு குட்டைச் சுவர்களையெல்லாம் நாற்காலிமேல் ஏற்றச் சொன்னார். நாற்காலிமேல் ஏறியவை ஆடின. ஆடியவற்றை நெட்டைச் சுவர்களோடு சேர்த்து டேப் ஒட்டினோம். இப்போது எல்லாமே ஆடின. கடைசியில் ஒவ்வொரு சுவருக்குப் பின்னாலும் அந்தக் குடும்பத்தின் பெரியவர் ஒருவர் ஒளிந்து உட்கார்ந்து பிடித்துக்கொள்வது என்று முடிவானது.

நாடகம் நன்றாகத்தான் தொடங்கியது. மகள் என் பழைய மெரூன் பட்டுச் சேலையை அங்கியாகப் போர்த்திக்கொண்டு, அரண்மனையிலிருந்து அழுது விடைபெற்று வந்தாள். நான் சுவருக்குப் பின்னால் தரையில் உட்கார்ந்து இரண்டு கையாலும் பிடித்திருந்தேன். அடுத்த சுவருக்குப் பின்னால் மதுரைக்காரர், தன் காட்சி வரும்வரை ஒரு கையால் சுவரையும் ஒரு கையால் போனையும் பிடித்துக் கிரிக்கெட் பார்த்துக்கொண்டிருந்தார்.

அப்போது தகரக் கூரையில் மழை விழுந்தது.

முதலில் பத்துச் சொட்டு. பிறகு எண்ண முடியவில்லை. கதவுக்கு வெளியே இருக்கும் சாக்கடை மூடியில் இலை அடைத்திருக்குமோ என்ற ஒரு நினைப்பைத் தவிர மண்டைக்குள் வேறு எதுவும் இல்லை. ஒரு நிமிஷம்தானே, மதுரைக்காரர் இருக்கிறாரே என்று குனிந்தபடியே பின்கதவு வழியாக வெளியே ஓடினேன்.

மூடியில் இலை இருந்தது. ஒன்றே ஒன்று. தண்ணீர் அதைச் சுற்றிக்கொண்டு நிதானமாக உள்ளே இறங்கிக்கொண்டிருந்தது. அந்த ஒரு இலையையும் எடுத்துப் போட்டேன். உள்ளேயிருந்து தடதடவென்று ஒரு சத்தம் கேட்டது.

நான் சொட்டச் சொட்ட உள்ளே வந்தபோது எருசலேம் தரைமட்டமாகியிருந்தது. என் சுவர் சாய்ந்து, டேப்போடு சேர்த்து மற்ற எட்டையும் இழுத்துப் போட்டுவிட்டது. விழுந்த சுவர்களுக்குப் பின்னால் எட்டுப் பெற்றோர் குத்துக்காலிட்டு உட்கார்ந்து சபையைப் பார்த்து விழித்துக்கொண்டிருந்தார்கள். மதுரைக்காரரின் போனில் வர்ணனையாளர் உரக்கக் கத்திக்கொண்டிருந்தார். மகள் இடிபாடுகளுக்கு நடுவில் நின்று, நேராக என்னைப் பார்த்தாள்.

"எங்கே போனீங்க?" ஆளுநரின் குரல்.

"சாக்கடை பாக்க," என்றேன்.

"தண்ணி வருதா?"

"இல்ல."

"அப்போ வாங்க. வந்து சுவரைப் பிடிங்க. நிறைய வேலை இருக்கு."

முதலில் சிரித்தது டீச்சர். அதன் பிறகு ஹாலே சிரித்தது. தரைவிரிப்பைப் பற்றிக் குறை சொன்ன மூத்தவர்கள்கூட முன்வரிசையிலிருந்து எழுந்து வந்து ஆளுக்கொரு பக்கம் பெட்டிகளைத் தூக்கினார்கள். சாணியைக் கரைத்து அடித்த மாதிரி பெயிண்ட் என்று யாரோ என் சுவரைப் பார்த்துச் சொன்னார்கள். மகள், யாரும் எழுதிக் கொடுக்காத தமிழில், பாதி ஆங்கிலத்தில், "அண்ணா, அந்தப் பக்கம்! ஆன்ட்டி, லிஃப்ட், லிஃப்ட்!" என்று வேலை வாங்கிக்கொண்டிருந்தாள். பிள்ளைகளுக்கு மொழி தெரியாததைத் திட்டும் வசனத்தை அவள் மறந்தே போனாள். தாடி தப்பித்தது. மழை கூரையில் விடாமல் பெய்தது. நான் சுவரைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன், எழுந்திருக்கவில்லை. எழுந்திருக்காமல் இருப்பதற்கு எவ்வளவு பலம் வேண்டியிருந்தது என்று யாருக்கும் தெரியாது.

வீட்டுக்குத் திரும்பும்போது மகள் காரில் ஒன்றே ஒன்று கேட்டாள்.

"மண்டே?"

"மழைன்னு போட்டிருக்கான்."

"அம்மா."

"சரி."

திங்கட்கிழமை நிஜமாகவே மழை. நிறுத்தம்வரை வரக்கூடாது என்று சொல்லிவிட்டாள். கேட்டுக்கு வெளியே, தபால்பெட்டிப் பக்கத்தில் குடையோடு நின்றேன். பேருந்து வந்தது, ஏறினாள், ஜன்னல் பக்கம் உட்கார்ந்தாள், போனைப் பார்த்தாள். என்னைப் பார்க்கவில்லை. பேருந்து திரும்பி மறைந்த பிறகும் நான் அங்கேயே நின்றேன். நாயோடு வந்த எதிர்வீட்டுக்காரர் என்னைப் பார்த்து நின்று, குப்பை வண்டி இன்றைக்கு இல்லை, நாளைக்குத்தான் என்று ஆதரவாகச் சொன்னார்.

தெரியும் என்றேன்.