எடுத்துக் கொடுக்காத ஒரு சொல்

காபி டம்ளர் என் கணவரின் வலது கையிலிருந்து நழுவி விழுந்தது. என்னைப் பார்த்து வாயைத் திறந்தார். சத்தம் வந்தது, சொல் வரவில்லை. பெங்களூர் அல்சூரில் எங்கள் தெருவுக்குள் ஆட்டோ நுழைவதே பெரும் பாடு. எப்படியோ ஒன்றைப் பிடித்து ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேர்ந்தோம்.

மூளைக்குப் போகும் ரத்தக்குழாயில் அடைப்பு, பக்கவாதம் என்றார்கள். கையும் காலும் மெல்ல மெல்லத் தேறின. பேச்சு தேறவில்லை. அஃபேசியா (மூளையில் ஏற்பட்ட பாதிப்பால் மொழி தடைபடும் நிலை) என்றார் டாக்டரம்மா. அதில் இவருக்கு வந்தது ஒரு வகை. தானாக ஒரு வார்த்தை பேச முடியாது. காதில் விழுவதை மட்டும் அப்படியே திருப்பிச் சொல்ல முடியும். என்னை ஏதாவது சொல்லிப் பார்க்கச் சொன்னார்.

“தண்ணி வேணும்” என்றேன்.

“தண்ணி வேணும்” என்றார் என் கணவர், நாக்கு வறண்டவரைப் போல.

டாக்டரம்மா வியந்து போனார். எனக்கு அதில் வியப்பில்லை. என் கணவர் கன்னட சினிமாவிலும் சீரியலிலும் துணை நடிகர். மாமனார், டாக்டர், நீதிபதி, எல்லாம் அவர்தான். முகம் ஊருக்கே தெரியும், பெயர் யாருக்கும் தெரியாது. எங்கள் தெருவுக்கு வரும் காய்கறிக்காரர்கூட “ஜட்ஜ் சாருக்கு இன்னிக்கி என்னம்மா சமையல்?” என்றுதான் கேட்பார்.

சீரியலில் வசனத்தை மனப்பாடம் செய்ய நேரம் இருப்பதில்லை. கேமராவுக்குப் பக்கத்தில் நின்று உதவி இயக்குநர் ஒவ்வொரு வரியாக எடுத்துக் கொடுப்பார். பிராம்ப்ட்டிங் என்பார்கள். நடிகர் அதைக் காதில் வாங்கி உணர்ச்சியோடு சொல்ல வேண்டும். ஆயுசில் பாதி அவர் செய்த வேலை அது. எல்லாம் போன பிறகு அது மட்டும் மிச்சம் இருந்தது.

வீட்டில் நான் பிராம்ப்ட் செய்தேன். மகள் போனில் கூப்பிட்டால் “நல்லா இருக்கேன்மா” என்று அவர் காதில் சொல்வேன். அவர் சொல்லக் கேட்டு அவள் நிம்மதியாகப் போனை வைப்பாள். நீங்களும் இப்படி ஒருவரைப் பார்த்துக்கொள்பவர் என்றால், “வலிக்கலை” என்று மட்டும் எடுத்துக் கொடுத்துவிடாதீர்கள். அதையும் அழகாகச் சொல்லிவிடுவார். வலி உள்ளேயே இருக்கும்.

நான் எடுத்துக் கொடுக்காத சொல் ஒன்று உண்டு. என் பெயர் தேவகி. அவர் என்னைத் தேவு என்பார். அது அவராகச் சொல்லி வரட்டும் என்று காத்திருந்தேன். அதற்கு மேல் எதற்கும் நான் ஆசைப்படவில்லை.

அவர் நடித்த சீரியலில் அவருடைய வேடத்தை வேறு யாருக்கும் தராமல் வைத்திருந்தார்கள். பார்க்க வந்த டைரக்டரிடம் நிலைமையை விளக்கினேன். “பிராம்ப்ட் பண்ணா பேசறாரில்ல, நமக்கு அது போதும்மா” என்றார்.

முதல் ஷாட், கல்யாணமாகிப் போகும் மகளை அப்பா வழியனுப்புவது. என் மகளைப் பத்திரமாகப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று உதவி இயக்குநர் கன்னடத்தில் எடுத்துக் கொடுத்தார். இவர் சொன்னார். கண் நிறைந்துவிட்டது. செட்டில் இருந்தவர்கள் கைதட்டினார்கள். எனக்கே அவர் திரும்பி வந்துவிட்டதுபோல் இருந்தது.

அடுத்த ஷாட்டில் முகத்தில் லைட் சரியாக விழவில்லை. “சொல்ப எடக்கே திருகி சார்” என்றார் உதவி இயக்குநர். கொஞ்சம் இடது பக்கம் திரும்புங்கள் என்று அர்த்தம்.

மகளாக நடித்த பெண்ணின் கையைப் பிடித்தபடி, நீர் நிறைந்த கண்ணோடு, தழுதழுத்த குரலில் என் கணவர் சொன்னார்: “சொல்ப எடக்கே திருகி சார்.”

யாரும் சிரிக்கவில்லை. சிரித்திருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். டைரக்டர் எழுந்து வெளியே போனார். சில நாளில் அந்த அப்பாவாக வேறொருவர் வந்தார். நான் டீவியை அணைத்துவிட்டேன்.

அதற்குப் பிறகு எனக்கும் பொறுமை போய்விட்டது. ஒரு சாயங்காலம் அவருக்குத் தலை வாரிக்கொண்டிருந்தவள், தாங்க முடியாமல் குனிந்து “தேவு” என்றேன்.

என்னைப் பார்த்தார். உதடு அசையவில்லை.

“தேவு” என்றேன் மறுபடியும். எதைச் சொன்னாலும் திருப்பிச் சொல்கிறவர், வேண்டாம் என்பதுபோல் தலையை மெதுவாக அசைத்தார்.

மறுநாள் இரண்டாவது அடைப்பு. அதிலிருந்து அவர் மீளவில்லை. முந்தின நாளே அது தொடங்கியிருக்கலாம், அதனால்தான் திருப்பிச் சொல்ல முடியாமல் போயிருக்கும் என்றார் டாக்டரம்மா. இருக்கலாம். ஆனால் என் பெயரை வசனமாகச் சொல்ல அவருக்கு மனம் வரவில்லை என்றுதான் நான் நினைத்துக்கொள்கிறேன். அப்படி நினைக்காவிட்டால் என்னால் தூங்க முடியாது.

இன்றும் எதையாவது பேசிவிட்டால் என் உடம்பு தானாக ஒரு கணம் நின்றுவிடுகிறது, நான் சொன்னது அவர் குரலில் திரும்பி வருவதற்காக. நேற்றும் அரைக் கிலோ தக்காளி என்று சொல்லிவிட்டு அப்படியே நின்றேன்.

“அவ்ளோதானாம்மா?” என்றார் காய்கறிக்காரர்.

“அவ்ளோதான்” என்றேன்.