கருங்கண்ணாடிக்காரனுக்குப் பெண் கிடைத்த கதை

மற்ற தொழில்களில் சரக்கைக் காட்டி விற்கலாம். என் தொழிலில் சரக்கு பல நேரம் என் கண்ணுக்கே தெரியாது.

நான் கருங்கண்ணாடி பார்ப்பவன். வெற்றிலையில் மை தடவிப் பார்ப்பவர்களைத் தெரியும் அல்லவா, அவர்களுக்குப் பங்காளி முறை. மைக்குப் பதிலாக எங்களிடம் இருப்பது எரிமலைக் குழம்பு ஆறி இறுகிய கறுப்புக் கண்ணாடி. உள்ளங்கை அகலத்தில், முகம் தெரியும்படி இழைத்தது. கேட்க வந்தவர் அதை இரண்டு கையாலும் ஒரு நிமிடம் பிடித்திருந்துவிட்டுக் கொடுப்பார். உள்ளே தெரிவதை நான் சொல்ல வேண்டும். எங்கள் மரபில் ஒரே ஒரு கட்டுப்பாடு, தெரிவதில் கூட்டவும் கூடாது, மறைக்கவும் கூடாது. ஜோசியம், இன்ஷூரன்ஸ், வானிலை என்று நாளைய சங்கதியை வைத்துப் பிழைக்கும் சக பாவிகளே, இது எவ்வளவு கஷ்டம் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. இந்தத் தொழிலால் முப்பத்தாறு வயதுவரை எனக்குக் கல்யாணம் ஆகவில்லை. அந்த வயிற்றெரிச்சல் இடையிடையே எட்டிப் பார்த்தால் மன்னிக்கவும்.

விளக்கு வேண்டாம்

நாரணாபுரத்தில் கடை போட்ட முதல் வாரம். பட்டாசுக் கம்பெனியில் வேலை முடிந்து நேராக நான்கு பெண்கள் வந்தார்கள். விளக்குச் சுடர் கண்ணாடியில் தெரிய வேண்டும் என்பது முறை. பயபக்தியோடு விளக்கை நகர்த்தி வைத்துத் தீக்குச்சியை எடுத்தேன். நிமிர்ந்து பார்த்தால் அறையில் ஒருவரும் இல்லை. நால்வரும் தெருவின் எதிர்ச் சாரியில் நின்றுகொண்டிருந்தார்கள். உடுப்பிலும் தலைமுடியிலும் வெடிமருந்து ஒட்டியிருக்கும் ஊரில் தீக்குச்சியைத் தொட்டவன் நான் ஒருவன்தான். அன்றோடு விளக்கைப் பரணில் போட்டுவிட்டு, ஜன்னல் வெளிச்சத்துக்கு மாறினேன்.

நால்வரில் மூத்த அக்கா அங்கிருந்தே சொன்னார்: "அண்ணாச்சி, வருங்காலத்தைச் சொன்னாப் போதும். இப்பவே அனுப்பி வச்சிராதீக."

ஒரே பெஞ்சில் மழையும் வெயிலும்

ஒரு காலையில் இரண்டு பேர் சேர்ந்தாற்போல் வந்து பெஞ்சில் உட்கார்ந்தார்கள். ஒருவர் வெம்பக்கோட்டைப் பக்கத்துச் சம்சாரி. மானாவாரியில் மக்காச்சோளம் போட்டுவிட்டு வானத்தைப் பார்த்துக்கொண்டிருப்பவர். அவருக்கு இந்த வாரமே மழை வேண்டும். மற்றவர் உள்ளூர்ப் பட்டாசுக் கம்பெனி போர்மேன். தீபாவளி ஆர்டருக்குச் சரக்கைக் காயப்போட்டிருந்தார். அவருக்கு மழையே கூடாது. இரண்டு பேரும் கண்ணாடியைப் பிடித்துக் கொடுத்தார்கள். பார்த்தேன். ஒரு மேகம் தெரிந்தது. ஜன்னலுக்கு வெளியே இருந்த மேகமாகவும் இருக்கலாம், ஆனால் தெரிந்தது தெரிந்ததுதான். சொன்னேன். ஒருவர் முகம் மலர்ந்தது, ஒருவர் முகம் செத்தது.

மூன்றாம் நாள் வெம்பக்கோட்டையில் கொட்டித் தீர்த்த மழை, நாரணாபுரத்தை எட்டிக்கூடப் பார்க்கவில்லை. இருவரும் வாழைத்தாரும் மிட்டாயுமாக வந்து நின்றார்கள். எனக்குத் தலைகால் புரியாத சந்தோஷம். கல்யாணப் பேச்சை மெதுவாக எடுத்தேன். சம்சாரி சொன்னார்: "ரெண்டு பக்கமும் நல்லவரா இருக்கீக தம்பி. ஆனா பொண்ணு குடுக்கிறவன் ஒரு பக்கமா இருக்கிற ஆளைத்தான தேடுவான்."

காரியாபட்டிச் சம்பந்தம்

தரகர் ஒருவர் காரியாபட்டியில் ஓர் இடம் பார்த்தார். கேசரி, பஜ்ஜி வரை எல்லாம் ஒழுங்காகப் போனது. பிறகு பெண்ணின் அத்தை, "உங்களுக்கு எல்லாமே தெரியுமாமே?" என்று கேட்டார். பெண் சமையலறையில் ஒரு வாய் காப்பி குடித்தால்கூட நான் நாரணாபுரத்தில் இருந்தபடி பார்த்துவிடுவேன் என்ற பயம் அவர் முகத்திலேயே இருந்தது. பதறிப்போய், அப்படியெல்லாம் இல்லை, பாதி நாள் வெறும் புகைமூட்டம்தான் தெரியும் என்று உண்மையைச் சொல்லிவிட்டேன்.

அத்தை தட்டை எடுத்துக்கொண்டே சொன்னார்: "எல்லாம் தெரிஞ்சா எங்க பிள்ளைக்கு நிம்மதி இருக்காது, ஒண்ணும் தெரியலைன்னா உங்களுக்குப் பிழைப்பு இருக்காது. எதை நம்பிப் பொண்ணு குடுக்க?"

செல்வியின் நட்சத்திரங்கள்

கம்பி மத்தாப்புப் பிரிவில் வேலை பார்க்கும் செல்வியை அவள் அம்மா அழைத்து வந்தார். மகளுக்கு முப்பத்தொன்று ஆகிவிட்டது, மாப்பிள்ளை யார், எப்படி இருப்பான் என்று பார்த்துச் சொல்ல வேண்டும். செல்வி வேண்டாவெறுப்பாகக் கண்ணாடியைப் பிடித்துக் கொடுத்தாள். குனிந்து பார்த்தேன். கறுப்புக்குள் நட்சத்திரங்கள்! ஒன்றிரண்டு இல்லை, ஆயிரம். இத்தனை வருடத்தில் எனக்கு இப்படித் தெரிந்ததே இல்லை. "ராஜயோகம்மா" என்றேன். செல்வி எட்டிப் பார்த்துவிட்டு, "என் கையில இருந்த அலுமினியப் பவுடரு" என்று முந்தானையால் துடைத்து என்னிடம் நீட்டினாள். எவ்வளவு கழுவினாலும் மத்தாப்புக்காரர் கையை விட்டு அது போகாதாம்.

அம்மா விடவில்லை. "இப்பப் பாருங்க. மாப்பிள்ளை தெரியுறாகளா?" வழக்கமாக என் முகத்தைத் தாண்டிப் பார்க்கப் பழகியிருந்தேன். அன்றைக்கு அவள் துடைத்த துடைப்பில் என் முகத்தைத் தவிர வேறு எதுவும் தெரியவில்லை. சொன்னால் அடி விழும், மறைத்தால் மரபு போகும். "என் மூஞ்சிதான்மா தெரியுது" என்று சொல்லிவிட்டேன். காது இரண்டும் சுட்டன. அம்மா என்னை மேலும் கீழும் பார்த்தார். "கொஞ்சம் திருப்பிப் பிடிங்க தம்பி, வேற யாராச்சும் தெரியுறாகளான்னு பாப்போம்" என்றார். திருப்பினேன். அதிலும் நான்தான் இருந்தேன்.

செல்வி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். பிறகு அம்மாவின் கையைப் பிடித்துச் சொன்னாள்: "இருக்கட்டும்மா. அடி விழும்னு தெரிஞ்சும் இவுகளுக்குப் பொய் வரலை. எனக்கு அம்புட்டுப் போதும்."

கார்த்திகையில் கல்யாணம் ஆனது. இப்போதெல்லாம் நான் கண்ணாடியைப் பார்த்துச் சொல்வதைவிட, அவள் என்னைப் பார்த்துச் சொல்வதுதான் அப்படியே பலிக்கிறது.