கொடிக்கால் வழக்கும் மறுக்கப்பட்ட கமிஷனும்

எனக்கு எதிராக உத்தரவு போட்ட நீதிபதிகள் பலர். அவர்களில் ஒருவருக்கு மட்டும் இன்றுவரை மனதுக்குள் கும்பிடு போடுகிறேன். எந்த உத்தரவின் மேல் எப்போது அப்பீல் போகலாம் என்று இளம் வக்கீல்கள் கேட்டால், அவர் கதையைத்தான் சொல்வேன்.

மைசூரில் மகாராஜா ஆட்சி நடந்த காலம். தனியாக போர்டு மாட்டிய பிறகு எனக்குக் கிடைத்த முதல் பெரிய வழக்கு கண்ணம்மாளுடையது. ஊருக்கு வெளியே வெற்றிலைக் கொடிக்கால் வைத்திருந்தவர். பக்கத்துத் தோட்டத்துக் கிணற்றிலிருந்து வாய்க்காலில் அவருக்குத் தண்ணீர் வந்துகொண்டிருந்தது. அந்தத் தோட்டத்தைப் புதிதாக வாங்கியவர் மடையை அடைத்துவிட்டார். தண்ணீர் பாத்தியதை, இரண்டு தோட்டத்தையும் அண்ணன் தம்பி இருவர் பிரித்துக்கொண்ட பழைய பாகப்பிரிவினையில் வாய்ப்பேச்சாக முடிவானது. அப்போது உடனிருந்து மடை கட்டிய கொத்தனார் ஒருவர்தான் உயிரோடு இருந்தார். அவரும் பக்கவாதம் வந்து ராமாபுரத்தில் படுக்கையில் கிடந்தார். ராமாபுரம் அன்று சென்னை மாகாணம். எங்கள் கோர்ட் சம்மன் அங்கே செல்லாது.

கோர்ட் சார்பில் ஒரு வக்கீலைக் கமிஷனாக அனுப்பி அவர் வீட்டிலேயே சாட்சியம் எடுக்க மனு கொடுத்தேன். வழக்கை விசாரித்த முன்சீப் மறுத்துவிட்டார். எல்லை தாண்டிக் கமிஷன் போனால் வழக்கு இழுத்துக்கொண்டே போகும், இருக்கிற சாட்சிகளே போதும் என்றார். எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. வாசலில் கண்ணம்மாளுக்கு என்னைவிட அதிகக் கோபம். இன்றைக்கே மேல்கோர்ட்டுக்குப் போக வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தார்.

போக முடியாது என்று விளக்கினேன். வழக்கின் நடுவில் வரும் உத்தரவுகளில் சட்டம் பெயர் சொல்லி அனுமதித்த சிலவற்றுக்குத்தான் உடனே அப்பீல் உண்டு. தற்காலிகத் தடை, சொத்தைப் பார்த்துக்கொள்ள ரிசீவர் நியமனம் மாதிரி. கமிஷன் மறுத்தது அதில் வராது. டிக்ரி, அதாவது இறுதித் தீர்ப்பு, வரும்வரை காத்திருந்து, அதன் மேல் போடும் அப்பீலில்தான் இந்தக் குறையைச் சொல்லலாம். அப்போதும், இந்தத் தவறு தீர்ப்பையே பாதித்தது என்று காட்ட வேண்டும்.

"அப்ப தோத்த பொறகுதான் அழோணுங்களா, சாமி? அதுவரைக்கும் அந்த மனுசன் இருப்பாருங்களா?" என்றார்.

உள்ளே திரும்பிப் போய், என் ஆட்சேபணையைப் பதிவு செய்யும்படி முன்சீப்பைக் கேட்டேன். எரிந்து விழுவார் என்று நினைத்தேன். நிதானமாகச் சொல்லச் சொன்னார். சாட்சி நடக்க முடியாதவர், விஷயம் தெரிந்தவர் அவர் ஒருவரே, மனு தாமதமில்லாமல் வந்தது என்று நான் சொன்னதை ஒன்றுவிடாமல் எழுதினார். அதன் கீழேயே தன் மறுப்பையும் எழுதினார்.

வழக்கில் தோற்றோம். ஆனால் தீர்ப்பில் அவர் ஒளிவு மறைவில்லாமல் எழுதியிருந்தார்: பாத்தியதையை நேரில் அறிந்த சாட்சி வராததால் மட்டுமே வாதி தோற்கிறார். அப்பீலுக்கு எனக்கு வேண்டிய காரணத்தை அவரே கையில் கொடுத்தது போலிருந்தது. வேறொருவராக இருந்தால் தன் உத்தரவைக் காப்பாற்ற நாலு காரணம் ஜோடித்திருப்பார்.

அப்பீல் நடந்த மாதங்களில் கண்ணம்மாள் குடத்தில் தண்ணீர் சுமந்தே கொடிகளைக் காப்பாற்றினார். பாதித் தோட்டம் காய்ந்துபோனது. ஜில்லா ஜட்ஜ், முன்சீப்பின் தீர்ப்பைப் படித்ததும் கமிஷனுக்கு உத்தரவிட்டார். கமிஷனாக நியமிக்கப்பட்ட வக்கீலோடு நானும் ராமாபுரம் போனேன். கொத்தனார் உயிரோடு இருந்தார். வாய் சற்றுக் கோணியிருந்தது, பேச்சு தெளிவாக இருந்தது.

"அண்ணந்தம்பி ரெண்டு பேரும் நிக்கறப்பத்தானுங்க மடைக்கல்லு வெச்சேன். ரெண்டு தோட்டத்துக்கும் தண்ணின்னுதான் பேச்சு" என்றார்.

ஜெயித்தோம். கண்ணம்மாள் ஒரு கட்டு வெற்றிலையுடன் வந்து, பாதியை அந்த முன்சீப்புக்குக் கொடுக்கச் சொன்னார். நீதிபதி நாற்காலியில் இருப்பவருக்கு ஒரு இலைகூடக் கொடுக்கக் கூடாது என்றேன்.

"அப்ப நாற்காலிய உட்டு எறங்கின பொறகு குடுங்க" என்றார்.

நடுவில் வருகிற ஒவ்வொரு உத்தரவுக்கும் மேல்கோர்ட்டுக்கு ஓடாதீர்கள். ஆட்சேபணையைப் பதிவு செய்துவிட்டு வழக்கை நடத்துங்கள். நான் கற்றது இதுதான். நேர்மையான நீதிபதியிடம் தோற்பதும் ஒரு பாக்கியம் என்பதை மட்டும் கோர்ட்டுக்கு வெளியில் கற்றேன்.

அவர் ஓய்வு பெற்ற பிறகு, கண்ணம்மாள் கொடுத்தனுப்பிய வெற்றிலையோடு வீட்டுக்குப் போனேன். யார் தோட்டத்து இலை என்று சொன்னேன். கட்டை வாங்கிப் பிரித்தார்.

"நான் தப்பா ஆர்டர் போட்ட கேஸ்னா அது? தண்ணி இப்போ ஒழுங்கா வரதோ?" என்றார்.

வருகிறது என்றேன். ஒரு இலையை எடுத்து வேட்டியில் துடைத்துக்கொண்டு, உள்ளே பார்த்துச் சுண்ணாம்பு கேட்டார்.