இடமிருந்து வலம் ஏழுமலை சார்

பேப்பர் அன்றைக்குப் பிரிக்கப்படாமலே வந்தது.

மதிய பஸ் எங்கள் ஊருக்கு வந்து திரும்புகிற இடத்தில், புளியமரத்தடியில் நான் காத்து நிற்பது வழக்கம். கண்டக்டர் குப்புசாமி படியில் நின்றபடியே பேப்பரை நீட்டுவார். அன்று கீழே இறங்கி வந்து கொடுத்தார். ஏஜென்ட் கட்டிலிருந்து உருவியதுபோல மடிப்புக் கலையாமல் இருந்தது. குறுக்கெழுத்துப் பக்கத்தைப் பிரித்துப் பார்த்தேன். இடமிருந்து வலம் ஓர் எழுத்துகூட இல்லை.

"இன்னா குப்புசாமி, சாருக்கு உடம்பு சரியில்லையா?"

"சார் போய்ட்டாருங்க சிஸ்டரம்மா" என்றார். "காலைல டீக்கு வரல. கடைக்காரர் வூட்டாண்ட போய் கதவ தட்டிப் பாத்திருக்காரு. தூக்கத்துலயே போச்சாம். எனுக்கு இன்னா செய்றதுன்னு தெரியல. பேப்பர மட்டும் எடுத்துக்கினு வந்துட்டேன்."

அதே பஸ்ஸில் ஏறிப் புதூர்நாட்டுக்குப் போனேன். அதற்குள் படவேட்டிலிருந்து அவருடைய அக்கா மகன் வண்டியோடு வந்துவிட்டிருந்தார். உடலை ஏற்றியாயிற்று. எட்டி முகத்தைப் பார்த்தேன். மூக்குக்கண்ணாடி இல்லாத அந்த முகம் எனக்குப் பழக்கமில்லாதது. வண்டிக்குள் இருந்த ஒரு பெரியம்மா, "நீங்க யாருங்க, சொந்தமா?" என்று கேட்டார். "கூட வேலை செஞ்சவங்க" என்றேன். மேலிருந்து கீழ் நான்தான் என்றா சொல்ல முடியும்? வண்டி மலையிறங்கிப் போனது. நான் கடைசி ட்ரிப்பில் வீடு திரும்பினேன். பேப்பர் கையிலேயே இருந்தது.

ஏழுமலை சாரை அறிந்தவர்கள் உங்களில் நிறையப் பேர். ஆரம்ப சுகாதார நிலையத்தின் மருந்து ஜன்னலுக்குப் பின்னாலிருந்து, "சாப்ட்டு போடுங்க, வெறும் வயித்துல போடாதீங்க" என்று மலைக்கே கேட்கும்படி சொன்ன பார்மசிஸ்ட். மனைவி காலமான பிறகும், வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகும் மலையைவிட்டு இறங்காதவர். அவரைப் பற்றி எழுதித் தரும்படி பழைய சகாக்கள் என்னைக் கேட்டார்கள். அவருடைய சேவையைப் பற்றி மற்றவர்கள் எழுதட்டும். எனக்குத் தெரிந்த ஏழுமலை சார், பேப்பரின் உள்பக்கத்தில் உள்ளங்கையகலக் கட்டங்களுக்குள் இருந்தவர்.

எங்கள் ஊர்த் துணை சுகாதார நிலையத்தில் நான் நர்ஸாக இருந்தேன். மாதாமாதம் மருந்து வாங்க அவரிடம் போவேன். மாத்திரைகளைப் பழைய பேப்பரில் பொட்டலம் கட்டித் தருவார். ஒருமுறை வீட்டில் பொட்டலத்தைப் பிரித்தபோது, உள்ளே பாதி போட்ட குறுக்கெழுத்து இருந்தது. இடமிருந்து வலம், வலமிருந்து இடம் என்று போகிற வரிசைகள் எல்லாம் நிரம்பியிருந்தன. மேலிருந்து கீழும் கீழிருந்து மேலும் போகிறவற்றைத் தொடவே இல்லை. அரைகுறையாக விட்ட எதையும் பார்த்தால் எனக்குப் பொறுக்காது. மிச்சத்தை நான் போட்டு, அடுத்த மாதம் அந்தக் கசங்கிய தாளை அவர் ஜன்னலில் வைத்தேன். கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு வெகுநேரம் பார்த்தார்.

"ஏன் சார், கீழ எறங்கறதெல்லாம் அப்படியே வுட்டுட்டீங்க?" என்றேன்.

"குறுக்கால போறது நடக்கற மாதிரி, சிஸ்டர். நேரா போய்ட்டே இருக்கலாம். எறக்கத்துல எனுக்குத் தல சுத்தும்."

மலையிலேயே வாழ்நாளைக் கழித்தவர் சொன்ன சாக்கு இது. சோம்பேறித்தனம் என்று நான் நினைத்தேன், அதைச் சொல்லவும் சொன்னேன். அவர் சிரித்தார். மறுநாள் மதிய பஸ்ஸில், வரிசைகள் மட்டும் போட்ட அன்றைய பேப்பர் எனக்கு வந்து சேர்ந்தது.

அப்படித்தான் அது வழக்கமாகிவிட்டது. காலை பஸ்ஸில் பேப்பர் புதூர்நாட்டுக்கு வரும். டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து சார் தன் பங்கைப் போடுவார். மதியம் அது குப்புசாமியின் பையில் எனக்கு ஏறி வரும். நான் மேலிருந்து கீழும் கீழிருந்து மேலும் போட்டு, சாயங்காலக் கடைசி ட்ரிப்பில் திருப்பி அனுப்புவேன். ஊர் வாய் சும்மா இருக்குமா? "பேப்பர்ல இன்னா எழுதி அனுப்பிக்கிறாங்க?" என்று பஸ்ஸில் பிரித்தே பார்த்திருக்கிறார்கள். கட்டத்துக்குள் 'ஆமணக்கு', 'கப்பல்', 'மாமியார்' என்று இருந்ததைப் பார்த்துவிட்டுப் பிறகு விட்டுவிட்டார்கள்.

நேரில் நாங்கள் பேசிக்கொண்டது குறைவு. இருவரும் ஓய்வு பெற்ற பிறகு அதுவும் குறைந்தது. ஆனால் சண்டை மட்டும் நாள் தவறாமல் உண்டு, அதுவும் தாளிலேயே. சார் எழுதுவது பேனாவால். பென்சில் பிடிப்பதைக் கோழைத்தனம் என்று நினைத்தவர். தப்பான சொல்லையும் அழுத்தி, அழகாக எழுதுவார். நான் அதை அடிக்க மாட்டேன். பக்கத்தில் சின்னதாக ஒரு புள்ளி வைப்பேன். அந்தப் புள்ளியைப் பார்த்தால் அவருக்குக் கோபம் வரும்.

அவருடைய தப்புகளில் தலையாயது சாமை. 'சிறுதானியம், இரண்டெழுத்து' என்று புதிரில் அவ்வப்போது வரும். புதிர் போடுகிறவர் மனதில் இருப்பது தினை. மறுநாள் விடையிலும் தினை என்றுதான் வரும். சார் ஒவ்வொரு முறையும் சாமை என்றே எழுதுவார். முதல் தடவை என் பங்கில் 'மாலை மாற்றும் சடங்கு' என்று இருந்தது. திருமணம் என்று இறங்க வேண்டிய இடத்தில் அவருடைய சாமை குறுக்கே நின்றதால் அது 'சாருமணம்' ஆயிற்று. எனக்கு வாய்த்த ஒரே திருமணமும் இப்படிப் போயிற்றே என்று நினைத்துத் தனியாகச் சிரித்துக்கொண்டேன். அடுத்த வாரம் மருந்துக் கடையருகில் பார்த்தபோது கேட்டுவிட்டேன்.

"விடையில தினைன்னு தெளிவா போட்டிருக்காங்களே சார். இன்னும் எதுக்குப் பிடிவாதம்?"

"நம்ம மலையில சுத்திப் பாருங்க. எந்தப் பக்கம் பாத்தாலும் இன்னா வெளையுது? சாமை. பட்டணத்துல உக்காந்துக்கினு அவுரு தினைன்னா நான் ஒத்துக்கணுமா? சிறுதானியம்னா சாமைதான் சிஸ்டர். அவுரு மாத்திக்கட்டும்."

அவர் கடைசிவரை மாற்றிக்கொள்ளவில்லை. நான் புள்ளி வைப்பதையும் நிறுத்தவில்லை.

இன்னொரு விஷயத்தில் அவர் படு கண்டிப்பு. ஒரு மழைக்காலத்தில் மலைப்பாதையில் மண் சரிந்து பஸ் நின்றுபோனது. பாதை திறந்த பிறகு பேப்பர்கள் மொத்தமாக வந்தன. முதல் பேப்பரின் விடை அடுத்த பேப்பரில் கண்ணெதிரிலேயே இருந்தது. சார் எல்லாவற்றையும் வரிசையாக அடுக்கி, விடை இருக்கிற மூலைகளை மட்டும் ரப்பர் பேண்டு போட்டு மடக்கி அனுப்பியிருந்தார். "பாத்துட்டு எழுதறது, தேதி முடிஞ்ச மாத்திரையைக் குடுக்கற மாதிரி" என்று குப்புசாமியிடம் சொல்லி அனுப்பினார். அந்த வாரம் முழுக்க எனக்கு நல்ல வேலை. வெளியே மழை. வீட்டுக்குள் ஏழெட்டு நாள் துணை. அவ்வளவு சந்தோஷமாக நான் இருந்த வாரங்கள் குறைவு.

என் தெருவில் பாதி வீடுகள் பூட்டிக் கிடக்கின்றன. மிளகு பறிக்கவும் கட்டட வேலைக்கும் போனவர்கள் பொங்கலுக்குத்தான் வருவார்கள். வாணியம்பாடியில் தம்பி இருக்கிறான். ஞாயிற்றுக்கிழமைகளில் போன் செய்வான். "நல்லா இருக்கேன்டா" என்பேன், வைத்துவிடுவான். சாருக்கு ஏன் போன் செய்து பேசக்கூடாது என்று என்னைப் பலர் கேட்டதுண்டு. அதை நான் சாரிடமே ஒருநாள் கேட்டேன். "போன்ல நல்லாருக்கேன்னு பொய் சொல்லிடலாம் சிஸ்டர். கட்டத்துல சொல்ல முடியாது" என்றார்.

அவர் சொன்னதன் பொருள் எனக்கு ஓர் ஆடி மாதத்தில் புரிந்தது. குளிரும் ஜுரமும் ஆட்டிவைத்தன. ஊருக்கெல்லாம் ஊசி போட்டவளுக்கு ஒரு கஞ்சி வைத்துத் தர ஆளில்லை. யாரிடமும் சொல்லிக்கொள்ளவும் மனம் வரவில்லை, அது என் சுபாவம். மதியம் எப்படியோ போய்ப் பேப்பரை வாங்கினேன். படுத்துக்கொண்டு கட்டங்களைப் பார்த்தால் அவை நகர்ந்தன. சாயங்காலம் போர்வையைத் தலையோடு போர்த்திக்கொண்டு போய், ஒன்றும் எழுதாமல் குப்புசாமியிடம் திருப்பிக் கொடுத்தேன். குளிர் என்று நினைத்து அவரும் கேட்கவில்லை.

மறுநாள் காலையில் வாசலில் ஜீப் சத்தம். சார் நின்றிருந்தார். ஒரு கையில் ரஸ்க் பாக்கெட், ஒரு கையில் பேப்பர்.

"மேலிருந்து கீழ் ஒண்ணுமே இல்ல" என்றார். "உங்களுக்குத் தெரியாத மாதிரி கேள்வியும் இல்ல. அதான் வந்தேன்."

நெற்றியைத் தொட்டுப் பார்க்கவில்லை. தெர்மாமீட்டரைக் கொடுத்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார். நான் கிளம்பும்வரை வாசற்படியில் உட்கார்ந்து அன்றைய வரிசைகளைப் போட்டார். அதே ஜீப்பில் திருப்பத்தூருக்குக் கூட்டிப்போனார். டைபாய்டு என்றார்கள். இன்னும் கொஞ்சம் தாமதித்திருந்தால் சிரமமாகியிருக்கும் என்றார் டாக்டர். ஆஸ்பத்திரிக் கட்டிலில் எனக்கு ஜுரத்தைவிடப் பெரிதாக இருந்தது ஒரே நினைப்புதான். நான் காணாமல் போனால் ஒரே நாளில் தெரிந்துகொள்ள இந்த உலகத்தில் ஓர் ஆள் இருக்கிறார்.

இப்போது அந்த ஆள் இல்லை. இதை எவ்வளவு சுற்றி வளைத்து எழுதினாலும் விஷயம் அவ்வளவுதான். அவர் போனதற்காக அழுதேன், எனக்காகவும் சேர்த்துத்தான் அழுதேன். அவராவது பாக்கியசாலி, டீ ஆறுவதற்குள் கடைக்காரர் தேடிப் போய்விட்டார்.

பேப்பரை நிறுத்திவிடலாமா என்று ஏஜென்ட் கேட்டனுப்பினார். வேண்டாம், என் பெயருக்கு மாற்றுங்கள் என்றேன். அது மதிய பஸ்ஸில் வழக்கம்போல வந்தது, முழுக்க வெறுமையாக. முதல் நாட்களில் என்னால் ஒரு சொல்லும் போட முடியவில்லை. நானே எல்லாவற்றையும் போட்டால் என்ன? போடலாம். வரிசைகளுக்கான விடைகளும் எனக்குத் தெரிகின்றன. ஆனால் பேனா அந்தப் பக்கம் போகவில்லை. பிறகு மெல்ல என் பங்கை மட்டும் போட ஆரம்பித்தேன். சாயங்காலம் பஸ் வரும்போது குப்புசாமி பழக்கத்தில் கையை நீட்டுவார். உடனே நினைவு வந்து கையை இழுத்துக்கொள்வார். இரண்டு பேரும் வேறு எங்காவது பார்ப்போம்.

போன வாரம் அது வந்தது. 'சிறுதானியம், இரண்டெழுத்து, இடமிருந்து வலம்.' அதன் முதல் கட்டத்திலிருந்து என் சொல் இறங்குகிறது. 'தேர் இழுப்பது இதில்.' திருவிழா. சந்தேகமே இல்லை, தினைதான். கட்டத்தையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். பிறகு பேனாவை எடுத்து, அவர் எழுதுவதுபோலவே அழுத்தி, சாமை என்று எழுதினேன். என் திருவிழா 'சாருவிழா' என்று இறங்கிப் போனது. புள்ளி வைக்கவில்லை.

சாயங்காலம் பேப்பரை மடித்து எடுத்துக்கொண்டு புளியமரத்தடிக்குப் போனேன். பஸ் வந்ததும் குப்புசாமியிடம் நீட்டினேன். அவர் வாங்காமல் என் முகத்தைப் பார்த்தார்.

"யாருக்குங்க சிஸ்டரம்மா?"

"உங்களுக்குத்தான்."

"எனுக்கு இதெல்லாம் போடத் தெரியாதுங்களே."

"போட வேணாம், குப்புசாமி. தெனமும் குடுக்கறேன். எறங்கறதுல எழுத்து இருக்குதான்னு மட்டும் பாருங்க. என்னிக்காவது காலியா இருந்தா, வூட்டாண்ட வந்து ஒரு குரல் குடுங்க."

என் அறுபத்தேழு வயதில் ஒருவரிடம் வாய் திறந்து இப்படிக் கேட்டது அதுதான் முதல் தடவை. சாரிடம் கேட்க வேண்டியிருந்ததே இல்லை. குப்புசாமி பேப்பரை வாங்கிப் பிரித்தார். பஸ்ஸில் இருந்தவர்கள் காத்திருந்தார்கள். டிரைவர் ஹாரன் அடித்தார். கட்டங்களின் மேல் விரலை வைத்து, மேலிருந்து கீழ் ஒவ்வொன்றாக இறங்கிப் பார்த்தார்.

"நெறஞ்சிருக்குதுங்க" என்றார். பிறகு விரலைக் குறுக்கே நகர்த்தினார். "இந்தப் பக்கம் ஒண்ணுமே இல்லியே. சாமைன்னு ஒண்ணு மட்டும் இருக்குது."

"அது சாரோடது" என்றேன்.

அவர் பேப்பரை மடித்துப் பணப்பையில் வைத்துக்கொண்டு விசில் கொடுத்தார்.