விசில் ஊதிய சமையல்கார அக்கா

துவாரகாவில் எங்கள் குடியிருப்பில் சமையல் வேலை செய்தவர் அவர். சேலத்துப் பக்கம். ஒல்லியான உடம்பு, முன்பல் ஒன்று பாதி உடைந்திருக்கும். பின்னாலிருந்த குடிசைப் பகுதியில் எந்தப் பெண் அலறினாலும் அடுப்பை அணைத்துவிட்டு, விசில் ஊதிக்கொண்டே ஓடுவார். அவருடைய விசில் கேட்டதும் மற்ற பெண்களும் கூடிவிடுவார்கள்.

ஒரு மதியம் நானும் பின்னாலேயே ஓடினேன். ஒருவன் மனைவியின் தலையைச் சுவரில் மோதிக்கொண்டிருந்தான். தடுக்கப் போன அக்காவின் இடது கையை இரும்புக் கம்பியால் அடித்து உடைத்தான். பெண்கள் அவனைத் தெருவுக்கு இழுத்துவந்து செருப்பாலும் கட்டையாலும் அடித்தார்கள். முகமெல்லாம் ரத்தமாக அவன் கும்பிட்டதும் எல்லோரும் நிறுத்தினார்கள். அக்கா மட்டும் நிறுத்தவில்லை. கடைசியில் அவன் மனைவிதான் அக்காவின் காலைக் கட்டிக்கொண்டு தடுத்தாள்.

அதன்பின் அந்தச் சந்தில் ஆண்கள் கை ஓங்கவே தயங்கினார்கள்.

மாவுக்கட்டோடு வந்தவரிடம், "போலீஸைக் கூப்பிட்டிருக்கலாமே அக்கா?" என்றேன்.

"அவங்க வர்றதுக்குள்ள அவ செத்திருப்பாம்மா." ஒற்றைக் கையால் கரண்டியை எடுத்தார். "ஆனா அவன் கும்பிட்டப்புறமும் அடிச்சேன் பாருங்க, அப்ப எனக்கு நல்லா இருந்துச்சு. அதான் பயமா இருக்கு."

அந்தக் கரண்டியை நான் வாங்கிக்கொண்டேன். அவர் செய்தது சரியென்று சொல்லியிருந்தாலும் அவர் நம்பியிருக்க மாட்டார்.